வாவித் தரையை ஓசையால் வரைவது

நான் மட்டக்களப்பு வாவிக்கு வரைபடம் வரைகிறேன். கரையை வரைய ஆட்கள் நிறைய உண்டு. நான் வரைவது தண்ணீருக்கு அடியில் கிடக்கும் தரையை. மாரியில் தண்ணீர் கலங்கல், கோடையில் பாசிப்பச்சை. கையை விட்டால் முழங்கைக்குக் கீழே விரல் தெரியாது. கண்ணுக்கு அங்கே வேலையில்லை. ஓசையை அனுப்பி, அது திரும்பி வரும் நேரத்தைக் கணக்கெடுக்கிறேன். கம்பால் குத்தி, எழும் சத்தத்தைக் கேட்கிறேன். சவளின் (துடுப்பின்) பிடியைக் காதோடு சேர்த்துக் கேட்கிறேன். ஊர்க் குளத்திலோ களப்பிலோ இதே வேலையைச் செய்ய நினைப்பவர்களுக்குப் பயன்படும் என்று, பழகித் தெரிந்துகொண்டதை இங்கே எழுதுகிறேன்.

எங்கள் வாவி வடக்கே ஏறாவூர்ப் பக்கமிருந்து தெற்கே கல்முனைப் பக்கம் வரை 56 கிலோமீற்றர் நீளம். பாலமீன்மடுவிலும் கல்லாற்றுப் பக்கத்திலுமாகக் கடலுக்கு இரண்டு வாய். கிழக்குக் கரையான எழுவான்கரைக்கும் மேற்குக் கரையான படுவான்கரைக்கும் நடுவே சனம் காலங்காலமாகத் தோணியிலும், பாதை என்று நாங்கள் சொல்லும் மிதவையிலும் கடந்திருக்கிறது. 2014இல் மண்முனைப் பாலம் திறந்த பிறகு அங்கே பாதை தேவையில்லாமல் போனது. ஆனால் குருமண்வெளியிலிருந்து மண்டூருக்குப் போகிறவர்கள் பாதையிலேதான் ஏறினார்கள். ஆற்றுவாழை என்ற மிதக்கும் நீர்ச்செடி அடைத்தால் அந்தப் பாதை வழியை மாற்றியாக வேண்டும். மாற்றுகிற வழியில் அடியில் என்ன கிடக்கிறது என்று தெரிந்திருக்க வேண்டும்.

இதில் முக்கியமான சொல் "என்ன" என்பதுதான். "எவ்வளவு ஆழம்" என்று மீனவர்கள் என்னிடம் கேட்பதே இல்லை. அது அவர்களுக்குத் தெரியும்; பெரும்பாலான இடத்தில் ஒரு கம்பு விட்டால் தீர்ந்துபோகிற ஆழம். வீச்சுவலைக்காரருக்கு வேண்டியது கல் எங்கே, களி எங்கே, சிப்பி எங்கே, வெள்ளத்தில் வந்து புதைந்த மரக்குற்றி எங்கே என்பது. 2004 சுனாமி நாவலடி, கல்லடிப் பக்கத்தில் வாவிக்குள் இழுத்துப் போட்ட கொங்கிறீற்றும் தகரமும் இன்னும் வலையைக் கிழிப்பதாகச் சொல்வார்கள். ஒரு வலை கிழிந்தால் அந்த வீட்டில் ஒரு கிழமை வரும்படி போய்விடும். அதனால் என் தாளில் ஆழ எண்களைவிடத் தரையின் குணம்தான் பெரிதாக இருக்கும். வாவிக்கு வரைபடம் போடுகிறவர்கள் எல்லோரும் அப்படித்தான் போட வேண்டும் என்பது என் திடமான எண்ணம். வெறும் ஆழக்கோடு மட்டும் உள்ள படம் அலுவலகச் சுவருக்கு அழகு. தோணிக்காரருக்கு அதனால் ஆவது ஒன்றுமில்லை.

இயந்திரத்திலிருந்து தொடங்குகிறேன். தண்ணீரில் ஓசை எவ்வளவு வேகம் போகிறது என்பதை 1826இல் ஜெனீவா ஏரியில் கொலாடொன் என்பவர் அளந்தார். இரவில் இரண்டு படகு, நடுவே ஏறக்குறைய 13.5 கிலோமீற்றர். ஒரு படகில் தண்ணீருக்குள் தொங்கவிட்ட மணியை அடிக்க, அதே கணத்தில் வெடிமருந்து பற்றி வெளிச்சம் எழும். மற்றப் படகில் இருப்பவர் வெளிச்சத்தைக் கண்டதும் நேரத்தை எண்ணத் தொடங்கி, தண்ணீருக்குள் விட்ட நீளக் குழாயில் மணியோசை கேட்டதும் நிறுத்துவார். செக்கனுக்கு 1,435 மீற்றர் என்று கணக்கு வந்தது. அது எட்டுப் பாகை செல்சியஸ் குளிர்நீர். எங்கள் வாவி வெப்பத்தில் நல்ல தண்ணீரில் ஓசை 1,500 மீற்றரைச் சற்றுத் தாண்டும். கடல் அளவு உப்பு ஏறினால் 1,540 வரை போகும். நான் இன்று செய்வதும் அதே வேலைதான். மணிக்குப் பதில், ஓசையை அனுப்பி எதிரொலியை வாங்கும் ஓர் உணரி; குழாய்க்குப் பதிலும் அதே உணரி. இரண்டு மீற்றர் ஆழத்தில் ஓசை போய்த் திரும்ப மூன்று மில்லிசெக்கன்கூட ஆகாது. போய்வந்த நேரத்தைப் பாதியாக்கி வேகத்தால் பெருக்கினால் ஆழம்.

புத்தகங்கள் ஓசையின் வேகத் திருத்தத்துக்குப் பக்கம் பக்கமாக இடம் கொடுக்கும். ஆழ்கடலுக்கு அது நியாயம். வாவிக்காரர் அதில் மண்டையை உடைக்க வேண்டாம். நல்ல தண்ணீருக்கும் கடல் தண்ணீருக்கும் உள்ள வேறுபாடு முழுதாக வந்தாலும், இரண்டு மீற்றர் ஆழத்தில் அது ஐந்து சென்ரிமீற்றர்தான். உணரி தண்ணீருக்குள் எவ்வளவு இறங்கியிருக்கிறது என்பதைச் சரியாக அளக்காமல் விட்டால் அதைப்போல் பல மடங்கு பிழை வரும். தோணியில் ஓர் ஆள் கூட ஏறினாலே உணரி இன்னும் கொஞ்சம் தாழும். எல்லோரும் ஏறி, சாமானும் ஏற்றிய பிறகு, தண்ணீர் மட்டத்திலிருந்து உணரியின் முகம் வரை அளந்து எழுதுங்கள். இறங்கும்போது மறுகா ஒருக்கா அளவுங்கள்.

உணரியை எங்கே பூட்டுவது என்பதும் பெரிய விசயம். எஞ்சின் பக்கத்தில் பூட்டினால் விசிறி கிளப்பும் காற்றுக்குமிழி எல்லாம் ஓசையை மறிக்கும். திரையில் வெறும் இரைச்சல்தான் வரும். தோணியின் நடுப்பகுதியில், விலாவோடு சேர்த்து, ஒரு கம்பில் கட்டி இறக்க வேண்டும். எனக்கு அதற்கான மரப்பிடியைச் செய்துதந்தவர் ஓர் ஓடாவி (தச்சர்). கல்லில் தட்டினால் கம்பு உடையாமல் பின்னால் மடங்கும்படி ஓர் ஆணியில் நிறுத்தியிருக்கிறார். கடையில் விற்கும் எந்தப் பிடியிலும் அப்படி ஓர் அமைப்பை நான் பார்க்கவில்லை. நடக்கிற வேகத்துக்குச் சற்றுக் கூடுதலாகப் போனால் போதும். அரை மீற்றருக்குக் குறைந்த தண்ணீரில் மீன் தேடும் சாதாரணக் கருவிகள் அநேகமாக ஒன்றும் சொல்லாது. அந்த இடத்தைக் கம்புக்கு விட்டுவிடுங்கள்.

கருவி உண்மை சொல்கிறதா என்று பார்க்க எளிய வழி உண்டு. ஒரு தட்டையான இரும்புத் தகட்டை இரண்டு கயிற்றில் கட்டி, உணரிக்கு நேர்கீழே ஒரு மீற்றரில் நிறுத்துங்கள், பிறகு இரண்டில். திரையும் அதையே சொல்ல வேண்டும். வேலை தொடங்கும் முன்பும் முடித்த பின்பும் இதைச் செய்வது என் வழக்கம். இதைச் செய்யாத அளவை எதையும் நான் தாளில் ஏற்றுவதில்லை.

இதையெல்லாம்விடப் பெரியது நீர்மட்டம். கார்த்திகை, மார்கழி மழையில் உன்னிச்சை, நவகிரிப் பக்கத்துத் தண்ணீர் எல்லாம் வாவிக்குள் இறங்கும். முகத்துவாரம் மண்மேடு போட்டு மூடிக்கிடந்தால் வாவி பொங்கி வயலுக்குள் ஏறும். வாய் திறந்தாலோ வெட்டிவிட்டாலோ ஓரிரு நாளில் வடிந்துவிடும். அப்படியானால் "இங்கே ஒன்றரை மீற்றர்" என்று நான் எழுதினால் அது எந்த நாள் தண்ணீருக்கு? ஆகவே அளவைக்குப் போகும் முன்பே கரையில் அசையாத ஓர் இடத்தில், பாலத் தூணிலோ படித்துறையிலோ, ஓர் அளவுகோலைப் பதித்துவிட வேண்டும். காலையில் தொடங்கும்போதும் முடிக்கும்போதும் அதைப் பார்த்து எழுத வேண்டும். கோடையின் குறைந்த மட்டம் ஒன்றைத் தெரிந்தெடுத்து, எல்லா ஆழத்தையும் அந்த மட்டத்துக்குத் திருப்பி எழுத வேண்டும். வாவி நீளமானதால் வடக்கில் ஒரு கோல், தெற்கில் ஒரு கோல் தேவை. காற்று அடித்தால் தண்ணீர் ஒரு பக்கமாக ஒதுங்கும். மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்று அடிக்கும் நாளில் படுவான்கரையில் தண்ணீர் பின்வாங்குவதைக் கரையில் நிற்கிற பிள்ளைகளே காட்டுவார்கள்.

இனித் தரையின் குணம். கருவியின் திரையை ஆழம் காட்டும் எண்ணாக மட்டும் பார்க்காதீர்கள். அடியில் கல்லோ இறுகிய மணலோ இருந்தால் எதிரொலி பலமாகத் திரும்பும். கோடு தடித்து, வெளிச்சமாக வரும். அதோடு நிற்காது. மேலே வந்த ஓசை தண்ணீரின் மேற்பரப்பில் பட்டுத் திரும்பக் கீழே போய், இரண்டாம் தரமும் மேலே வரும். அதனால் ஒன்றரை மீற்றரில் ஒரு கோடும், சரியாக மூன்று மீற்றரில் மங்கலாக இன்னொரு கோடும் தெரியும். புதிதாகப் பார்ப்பவர்கள் அந்த மூன்று மீற்றரை உண்மையான தரை என்று எடுத்துவிடுவார்கள். எப்போதும் மேலே இருக்கும் கோட்டைத்தான் ஆழமாக எடுக்க வேண்டும். ஆனால் கீழே உள்ள கோட்டை வீசிவிடவும் கூடாது. அந்த இரண்டாம் கோடு வருகிற இடத்தில் தரை இறுக்கம்; வராத இடத்தில் சேறு. நான் தாளில் கல், களி பிரிப்பது முதலில் இந்த இரண்டாம் கோட்டை வைத்துத்தான்.

சேற்றில் இன்னொரு தொல்லை. இளகிய சேறு மேலே கூழாகவும் கீழே இறுகியும் இருக்கும். மீன் தேடும் கருவிகளில் சாதாரணமாக வரும் 200 கிலோஹேர்ட்ஸ் ஓசை அந்தக் கூழின் மேலேயே பட்டுத் திரும்பிவிடும். 50 கிலோஹேர்ட்ஸ் ஓசை சற்று உள்ளே இறங்கும். இரண்டும் உள்ள கருவியில் இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்த்தால் சேற்றின் தடிப்பு ஓரளவு பிடிபடும். பாசியும் நீர்ச்செடியும் அடர்ந்த இடத்திலும் இதே கதைதான்: செடியின் தலையைத் தரை என்று காட்டும். அங்கெல்லாம் கருவியை நிறுத்திவிட்டுக் கம்பை எடுக்க வேண்டும்.

கம்பு என்றால் தோணி தள்ளுகிற அதே கம்பு. இதை எனக்குப் பழக்கியவர் வவுணதீவுப் பக்கத்து மூத்த மீனவர் ஒருவர். மாமா என்றுதான் கூப்பிடுவேன். அவர் தோணியின் முன்பக்கமான அணியத்தில் நின்றபடி ஒவ்வொரு குத்துக்கும் வாயால் சொல்லிக்கொண்டே வருவார், நான் எழுதுவேன்.

"சேறு சத்தம் போடாது புள்ள. மணல் சரசரக்கும். கல்லு கையில அடிக்கும். சிப்பி கிறீச்சென்னும், கேட்டுப் பாருங்க."

"சிப்பிக்கும் சின்னக் கல்லுக்கும் என்ன மாமா வித்தியாசம்?"

"கம்பைக் கொஞ்சம் கிறுக்கிப் பாருங்க. சிப்பி நொறுங்கும். கல்லு அப்படியே நிக்கும்."

அவர் சொன்னபடி கம்பை அடியில் ஊன்றி, அரைச் சுற்றுத் திருப்பினேன். உள்ளங்கையில் ஒரு சன்ன நடுக்கம். அடுத்து நொறுங்கும் சத்தம் கம்பு வழியே மேலே ஏறி வந்தது. காதுக்கு முன்னே கைக்குத்தான் தெரிகிறது. காய்ந்த, நேரான, கணு வழித்த கம்புதான் இதற்கு உதவும். ஈரம் ஊறிய கம்பு சத்தத்தை விழுங்கிவிடும். அடியில் ஓர் இரும்புப் பூண் போட்டால் கல்லும் மணலும் இன்னும் தெளிவாகப் பிரியும். அந்தக் காலத்துக் கப்பல்காரர் ஈயக்குண்டின் அடிக்குழியில் கொழுப்பைத் தடவி, ஒட்டி வரும் மண்ணைப் பார்த்தார்கள். நான் பூணுக்குள் சவர்க்காரத்தைத் திணித்து அதையே செய்கிறேன். மணலா, கருஞ்சேறா, சிப்பித்தூளா என்று சவர்க்காரத்தில் ஒட்டி வரும். சத்தத்தைப் பற்றிச் சந்தேகம் வந்தால் தீர்ப்பு அதனுடையது.

மூன்றாவது வழி, நாம் ஓசை ஒன்றும் அனுப்பாமல் சும்மா இருந்து கேட்பது. இதைச் சொன்னால் எல்லோரும் 'பாடும் மீனை', அதாவது இரவில் இந்த வாவிக்குள்ளிருந்து எழும் இசை போன்ற ஓசையைத்தான் நினைப்பார்கள். நினைக்கட்டும், அது எங்கள் ஊரின் பெருமை. 1848இல் இலங்கையின் குடியேற்றச் செயலாளராக இருந்த எமர்சன் ரெனன்ற் இரவில் இந்த வாவியில் படகில் போய்க் கேட்டு எழுதிவைத்தார். படகின் பலகையில் காதை வைத்தால் ஓசை இன்னும் பலமாகக் கேட்டதாம். ஊர் மீனவர்கள் அது மீனல்ல, ஊரி என்ற நத்தை போடும் சத்தம் என்று அவரிடம் சொல்லியிருக்கிறார்கள். 1950களில் அமெரிக்க இயேசு சபைத் துறவி ஒருவர் அதைப் பதிவுசெய்தார். சத்தம் போடுவது எது என்ற வழக்கு இன்னும் தீரவில்லை. என் வேலைக்கு அந்தத் தீர்ப்பு தேவையில்லை. கல்லடிப் பாலத்தடியில், சித்திரை முதல் புரட்டாதி வரையான காற்றில்லாத நிலவு இரவுகளில், எஞ்சினை நிறுத்தி, சவளின் தட்டைத் தண்ணீருக்குள் விட்டுப் பிடியைக் காதோடு வைத்தால் கேட்கும். காதுத் துளையில் வைப்பதைவிடக் காதுக்குப் பின்னால் உள்ள எலும்பில் அழுத்திப் பாருங்கள், பலமாக வரும்.

அப்படிக் கேட்கும்போது பாட்டைவிட எனக்குப் பயன்பட்டது வேறொரு சத்தம். பொரி வறுக்கிற சட்டியில் எழுவதுபோல் விடாமல் ஒரு பொரிதல். ஒரு கொடுக்கு மட்டும் பெருத்த சிறு இறால் இனம் ஒன்று உண்டு. அது கொடுக்கை வெடுக்கென்று மூடும்போது தண்ணீரில் ஒரு குமிழி உண்டாகி உடையும். அந்த உடைவுதான் சத்தம். அந்த இறால் கல்லிடுக்கு, சிப்பித்திட்டு, பாலத்தூண் அடி மாதிரியான ஒதுங்க இடமுள்ள தரையில் இருக்கும். வெறும் சேற்றில் அந்தப் பொரிதல் தேய்ந்துபோகும். ஆகவே தோணியைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, பொரிதல் எங்கே ஏறுகிறது, எங்கே இறங்குகிறது என்று குறித்தால், கருவியில் இரண்டாம் கோடு வந்த இடங்களோடு அது பெரும்பாலும் ஒத்துப்போகும். ஒத்துப்போகாத இடம்தான் திரும்பப் போய்க் கம்பால் குத்த வேண்டிய இடம். சவளுக்குப் பதிலாக, ஒலியெழுப்பிகளுக்குள் இருக்கும், அதிர்வை மின்சாரமாக்கும் பியசோ தகட்டில் வயரை ஒட்டி, பிசினால் நீர் புகாமல் மூடிப் பதிவுக்கருவியில் கொடுத்தாலும் வேலை நடக்கும்; செலவு மிகக் குறைவு. வயரை நீளமாக விட்டு, தோணியில் யாரும் அசையாமல் இருக்க வேண்டும். செருப்புச் சத்தம்கூடக் கேட்கும்.

தோணி போகும் கோடுகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். நீரோட்டம் போகிற திசையில் நெடுக ஓடாதீர்கள். கரையிலிருந்து கரைக்குக் குறுக்காக, 50 மீற்றருக்கு ஒரு கோடு என்று போங்கள். அப்போதுதான் ஆழப்பள்ளம் ஒவ்வொரு கோட்டிலும் வெட்டுப்படும். கடைசியில் அவற்றைக் குறுக்கறுத்து நெடுகச் சில கோடுகள் ஓடி, சந்திக்கிற இடங்களில் இரண்டு அளவும் ஒன்றாக வருகிறதா என்று பார்க்க வேண்டும். போனில் உள்ள ஜிபிஎஸ் சில மீற்றர் அங்கே இங்கே காட்டும். வாவிக்கு அது தாங்கும், முகத்துவாரத்துக்குத் தாங்காது. விடியற்காலையில் தொடங்கி, கடற்காற்று எழும்ப முன் கரையேறிவிடுங்கள். சித்திரையிலும் ஐப்பசியிலும் பின்னேர இடிமின்னலுக்குள் வாவி நடுவே இரும்புக்கம்பியோடு நிற்கக் கூடாது. மிதவைச்சட்டை கட்டாயம். கண்ணாமர (அலையாத்திமர) கரையோரம் முதலை உண்டு. உணரியைக் கழற்றுகிறோம் என்று அங்கே காலைத் தண்ணீரில் வைக்காதீர்கள்.

வரைவதற்குக் காசு கொடுத்து மென்பொருள் வாங்கத் தேவையில்லை, கியூஜிஐஎஸ் போதும். ஒரே ஒரு எச்சரிக்கை. கணினி, இரண்டு கோட்டுக்கு நடுவே அளக்காத இடத்தையும் தானே நிரப்பி வழவழப்பாக நிறம் தீட்டிவிடும். பார்க்க வடிவாக இருக்கும், ஆனால் அங்கே நாம் போகவே இல்லை. தோணி ஓடிய கோடுகளை மெல்லிய சாம்பல் நிறத்தில் தாளிலேயே விட்டுவிடுங்கள். எது அளந்தது, எது ஊகம் என்று பார்க்கிறவர் தீர்மானிக்கட்டும். அளந்த மாதத்தையும் முகத்துவாரம் திறந்திருந்ததா மூடியிருந்ததா என்பதையும் பெரிய எழுத்தில் போடுங்கள்.

முதல் தாளை அச்சடித்துக் கொண்டுபோனபோது காத்தான்குடித் துறையில் ஒரு காக்கா (முஸ்லிம் அண்ணர்) அதை நெடுநேரம் பார்த்துவிட்டு, ஒரு மடுவின் மேல் விரலை வைத்தார். "இதைப் போடாதீங்க தங்கச்சி. கோடையில கொடுவா ஒதுங்குற இடம். வாப்பா காட்டித் தந்தது." கொஞ்சத் தூரத்தில் இருந்த கல்லைக் காட்டி, "இதைப் பெரிசாப் போடுங்க, எல்லாருக்கும் தெரியட்டும்" என்றார்.

அன்றிலிருந்து இரண்டு விதத் தாள் வைத்திருக்கிறேன். பொதுத்தாளில் ஓட்டவழி, கல், குற்றி, கொங்கிறீற், பாதை போகும் தடம், மேடு எல்லாம் இருக்கும். யார் கேட்டாலும் கொடுப்பேன். மீன் ஒதுங்கும் மடுக்களும் அவற்றின் பெயர்களும் சொல்லித்தந்தவர்களின் துறைக்குரிய தாளில் மட்டும். அதன் பிரதி அந்தத் துறையின் மீனவர் சங்கத்திடம் இருக்கும். அவர்கள் சம்மதமில்லாமல் வெளியே போகாது. அறிவு எல்லோருக்கும் பொது என்று வாதிடுகிற நண்பர்கள் எனக்கு உண்டு. தோணியைத் தட்டும் கல் விசயத்தில் அந்த வாதம் சரி. தலைமுறை தலைமுறையாக ஒரு குடும்பம் காத்த மடுவை, வெளியூர் எஞ்சின் போட்காரர் கையில் படமாகக் கொடுப்பதை அதே வாதத்தால் நியாயப்படுத்த என்னால் முடியாது. உங்கள் ஊரில் வரையும்போது, அளவைக்கு இறங்கும் முன்பே துறையில் உட்கார்ந்து இதைப் பேசி முடித்துவிடுங்கள். அச்சடித்த பிறகு அழிக்க முடியாது.

இந்த மாரியில் பாலமீன்மடு வாய் திறந்தால் வடக்குப் பக்கத் தாள் முழுவதும் பழசாகிவிடும். மணல்மேடு ஒவ்வொரு வருசமும் இடம் மாறுகிறது. தை பிறந்ததும் அந்தப் பகுதியைத் திரும்ப அளப்போம். மாமா புதுக் கம்பு வெட்டிக் காயவைத்திருக்கிறார். ஓடாவியிடம் இன்னொரு பிடி சொல்லியிருக்கிறேன், கொஞ்சம் கட்டையாக, முகத்துவாரத்து மேட்டுத் தண்ணீருக்குத் தோதாக.